ஒசாகாவில் சாப்பாட்டு டூர் புக் பண்ணப் போகிறீர்களா? கொஞ்சம் இருங்கள்

போன நவம்பரில் நான், வீட்டுக்காரர், அத்தை மூன்று பேரும் ஒசாகா போயிருந்தோம். அங்கே ஒரு வழிகாட்டியோடு தெருத்தெருவாக நடந்து சாப்பிடும் மூன்று மணி நேர டூருக்கு ஆளுக்கு 12,500 யென் கட்டினோம். மூன்று பேருக்கு 37,500. கார்டில் 22,000 ரூபாய்க்குக் கொஞ்சம் குறைவாகக் கழிந்தது. பணம் போனதை விட, அத்தையை அன்றைக்கு உட்கார வைத்து ஏமாற்றியதுதான் எனக்கு இன்னும் ஆறவில்லை.

நிறுவனத்தின் பெயரைப் போடவில்லை. வங்கியில் நான் கொடுத்த புகார் இன்னும் முடியாமல் கிடக்கிறது. தவிர, அதே விளம்பர வாசகம் எழுத்து மாறாமல் நாலைந்து வெவ்வேறு பெயர்களில் சுற்றிக்கொண்டிருக்கிறது. ஒரு பெயரைச் சொன்னால் மற்றதெல்லாம் யோக்கியம் என்று ஆகிவிடும்.

முதலில் எங்களுக்கு எதற்கு வழிகாட்டி என்று கேட்பீர்கள். மாமா போனதிலிருந்து, ஏழு வருஷமாக, அத்தை அசைவம் தொடுவதில்லை. அதற்கு முன்னால் தூத்துக்குடி வீட்டில் மீன் இல்லாமல் அவர் அடுப்புப் பற்றவைத்த நாள் குறைவு. இப்போது முட்டை மட்டும் பரவாயில்லை என்பார், அதுவும் கேக்கில் தெரியாமல் இருந்தால். ஜப்பானில் கடைப் பலகையும் படிக்கத் தெரியாது, பாக்கெட்டின் பின்பக்கமும் படிக்கத் தெரியாது. தட்டில் என்ன இருக்கிறது என்று தெரிந்த ஒருவர் கூட வந்தால் நிம்மதி என்றுதான் அவ்வளவு பணம் கொடுத்தோம். வழி காட்ட மேப் போதும்.

விளம்பரத்தில் இருந்தவை: பத்துக்கு மேற்பட்ட உணவுகள், குழுவில் எட்டு பேருக்கு மேல் இல்லை, லைசென்ஸ் பெற்ற உள்ளூர் வழிகாட்டி, குரோமோன் சந்தை, தோத்தோன்போரி, ஷின்செக்காய் என்று மூன்று இடங்களில் சுற்று, சைவர்களுக்கு மாற்று உணவு, எல்லாச் செலவும் அடக்கம். நான் தனியாகச் செய்தி அனுப்பியும் கேட்டேன். இறைச்சி, மீன், மீன் சாறு எதுவும் கூடாது என்று தெளிவாக எழுதினேன். இரண்டே நிமிடத்தில் "நோ ப்ராப்ளம்", கூடவே ஒரு சிரிக்கும் பொம்மை. ஜப்பானியச் சமையல் தெரிந்த யாரும் அந்தக் கேள்விக்கு இரண்டு நிமிடத்தில் பதில் சொல்ல முடியாது என்பது இப்போது எனக்குத் தெரியும்.

மாலை ஐந்தரைக்கு எபிசு பாலத்தில் நிற்கச் சொல்லியிருந்தார்கள். ஓடும் மனிதன் விளம்பரப் பலகைக்கு எதிரே, உலகமே கையைத் தூக்கிக்கொண்டு போட்டோ எடுக்கும் இடம். அங்கே யார் யாரைத் தேடுவது? வழிகாட்டி வந்தபோது ஐந்து ஐம்பத்தைந்து. எண்ணிப் பார்த்தேன், பதினேழு பேர். எட்டு பேர் என்றீர்களே என்றதற்கு, இன்னொரு குழுவின் வழிகாட்டிக்கு உடம்பு சரியில்லை என்றார். லைசென்ஸ் அட்டையைப் பார்க்கலாமா என்று வீட்டுக்காரர் சிரித்துக்கொண்டே கேட்டார். ரூமில் இருக்கிறதாம். பேச்சுவாக்கில் அவரே சொன்னது, ஒசாகா வந்து எட்டு மாதம் ஆகிறதாம்.

இந்த லைசென்ஸ் சமாசாரத்தைக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். காசு வாங்கிக்கொண்டு வெளிநாட்டு மொழியில் வழிகாட்டுவதற்கு ஜப்பானில் அரசுத் தேர்வு எழுதிப் பதிவு செய்திருக்க வேண்டும் என்று 1949 முதல் சட்டம் இருந்தது. 2018 ஜனவரியில் அதைத் தளர்த்திவிட்டார்கள். இப்போது யார் வேண்டுமானாலும் கூட்டிப் போகலாம், குற்றமில்லை. ஆனால் தேர்வு எழுதாதவர் அந்தப் பட்டத்தைப் போட்டுக்கொள்ளக் கூடாது. உண்மையிலேயே பதிவு செய்தவரிடம் அட்டை இருக்கும், கேட்டால் காட்டுவார். லைசென்ஸ் இல்லாதவர் எல்லாம் மோசம் என்று நான் சொல்ல வரவில்லை. இல்லாததை இருப்பதாகப் போட்டுக் கூடுதல் காசு வாங்கினார்கள், அவ்வளவுதான்.

குரோமோன் சந்தைக்குப் போய்ச் சேர்ந்தபோது மணி ஆறு பத்து. அறுநூறு மீட்டருக்குக் கொஞ்சம் குறைவான நீளத்தில், கூரை போட்ட தெரு. நூற்றைம்பது கடை வரைக்கும் இருக்கும் என்பார்கள். நாங்கள் பார்த்தது ஷட்டர்களை. அங்கே பெரும்பாலான கடைகள் ஐந்து, ஆறு மணிக்குள் கட்டிவிடுகின்றன. ஒரு மீன்கடைக்காரர் ரப்பர் பூட்ஸோடு தரையைக் குழாய்த் தண்ணீரில் கழுவிக்கொண்டிருந்தார், நாங்கள் பதினேழு பேரும் வரிசையாக ஒதுங்கி அவருக்கு வழிவிட்டோம். சந்தையைச் சுற்றிப்பார்த்தது இதுதான். மாலை டூரில் குரோமோன் என்று யாராவது போட்டிருந்தால் அந்த இடத்திலேயே மூடிவிடுங்கள். அங்கே போவதென்றால் காலையில் போக வேண்டும்.

மூடாமல் இருந்த ஒரு கடையில், விரல் உயரக் காகிதக் கோப்பையில் பச்சைத் தேநீர் கொடுத்தார்கள். அடுத்த கடையில் பல்குச்சியில் குத்திய ஊறுகாய்த் துண்டு. இரண்டுமே வருகிற போகிறவர்களுக்கெல்லாம் கடைக்காரர் சும்மா நீட்டுவது. வழிகாட்டி விரலை மடக்கி "ஒன், டூ" என்றார். பத்து உணவில் இரண்டு முடிந்ததாம்! மூன்றாவது, கன்வீனியன்ஸ் ஸ்டோரில் வாங்கிய மிட்டாய். ஆளுக்கு ஒன்று.

பிறகு தோத்தோன்போரி. தகோயாக்கி வாங்கப் பதினேழு பேரும் இருபத்தைந்து நிமிடம் வரிசையில் நின்றோம். நம் பணியாரச் சட்டி மாதிரியே குழி குழியான இரும்புத் தட்டு, அதில் மாவை ஊற்றி ஆக்டோபஸ் துண்டு போட்டு, ஊசி மாதிரி ஒரு கம்பியால் மின்னல் வேகத்தில் உருட்டிவிடுகிறார்கள். 1930-களில் இதே ஒசாகாவில் பிறந்த பண்டம். பார்க்க அவ்வளவு அழகு. எட்டு உருண்டை கொண்ட பெட்டிகள் நாலு வந்தன. பதினேழு பேருக்கு முப்பத்திரண்டு உருண்டை. ஆளுக்கு இரண்டு என்றால்கூடக் கணக்கு இடிக்கிறது பாருங்கள்.

அத்தைக்கு என்ன என்றேன். ஒரு உருண்டையைப் பிளந்து, உள்ளே இருந்த ஆக்டோபஸைக் குச்சியால் நோண்டி எடுத்துப் போட்டுவிட்டு, மேலே ஆடிக்கொண்டிருந்த மீன் சீவலையும் ஊதித் தள்ளிவிட்டு, "வெஜிடேரியன்" என்று அத்தையிடம் நீட்டினார். மாற்று உணவு என்றால் இதுதானாம். நான் வேண்டாம் என்று தடுத்துவிட்டேன். அத்தைக்கு அந்த ஆடும் சீவலைப் பார்த்து ஆச்சரியம். "உசுரோட கெடக்கா என்ன?" என்று கேட்டார். சூட்டு ஆவியில்தான் அது அப்படி நெளிகிறது.

அதன்பின் ஒரு சிறிய ஊதோன் கடைக்குக் கூட்டிப்போனார். கித்சுனே ஊதோன் அங்கே பிரசித்தம்: தடித்த கோதுமை நூடுல்ஸ், தெளிந்த சாறு, மேலே பொரித்து இனிப்பாக வேகவைத்த டோஃபு. கண்ணுக்குத் துளி அசைவம் தெரியாது. "திஸ் ஒன் ஓகே, நோ மீட்" என்று அத்தை முன்னால் கிண்ணத்தை வைத்தார். அத்தைக்குப் பசி. இரண்டு வாய் நூடுல்ஸ் சாப்பிட்டு, கிண்ணத்தைத் தூக்கிச் சாற்றைக் குடிக்கப் போனவர் மூக்கருகில் அப்படியே நிறுத்திவிட்டார். கண்ணை மூடி ஒருதரம் மோந்தார். கிண்ணத்தைக் கீழே வைத்தார்.

"ஏம்மா, இது மாசி வாடைல்லா அடிக்கு?"

அறுபது வருஷம் மாசிக் கருவாட்டுச் சம்பல் அரைத்த மூக்கு அது. நானும் மோந்து பார்த்தேன். சந்தேகமே இல்லை. அவர்கள் கட்சுவோபுஷி என்று சொல்வதும் நம் மாசியும் ஏறக்குறைய ஒரே சரக்குதான். சூரை மீனை வேகவைத்து, புகை காட்டி, கட்டையாகக் காயவைப்பார்கள். அதைச் சீவினால் தகோயாக்கி மேல் ஆடுகிறதே, அந்தச் சீவல். அதைக் கடற்பாசியோடு சேர்த்து வெந்நீரில் போட்டு வடித்தால் தாஷி என்கிற சாறு. ஊதோன் குழம்பு, மிசோ சூப், ஒகோனோமியாக்கி மாவு, தகோயாக்கி மாவு என்று எல்லாவற்றுக்கும் அதுதான் அடிப்படை. ஆக்டோபஸை நோண்டி எடுத்தாலும் மாவிலேயே மீன் கரைந்திருக்கிறது. நம் ஊர்ச் சமையலில் புளி எங்கெங்கே இருக்கும் என்று தெரியாத ஒருவர், புளி ஆகாதவரைச் சாப்பாட்டுக்குக் கூட்டிப்போன கதை இது.

வழிகாட்டியிடம் கேட்டேன். "நோ மீட், மேடம். ஒன்லி சூப்." அவர் பொய் சொல்கிறாரா, உண்மையிலேயே தெரியவில்லையா என்று அந்த நிமிடம் எனக்குப் புரியவில்லை. அங்கே நிக்கு என்றால் ஆடு, மாடு, பன்றி, கோழி மாமிசம். மீன் அந்தக் கணக்கில் வராது. எட்டு மாதக்காரருக்கு அதுகூட யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை போலிருக்கிறது. அவர் மேல் எனக்குப் பாதிக் கோபம்தான். மீதி, இரண்டு நிமிடத்தில் பதில் போட்டவர்கள் மேல்.

அத்தை எதுவும் பேசவில்லை. வெளியே வந்து தண்ணீர் வாங்கி வாய் கொப்பளித்தார். அதற்கப்புறம் அன்று இரவு வெளியில் எதையும் தொடவில்லை.

ஷின்செக்காய் போகவில்லை, நேரமாகிவிட்டது என்றார். பதிலுக்கு ஒரு சந்துக்குள் இருந்த குடிக்கடை. குஷிகாத்சு, அதாவது குச்சியில் கோத்துப் பொரித்தது, ஆளுக்கு இரண்டு வைத்தார்கள். அத்தைக்குத் தாமரைத் தண்டு நல்லது என்றார் நம் ஆள். நான் பொரிக்கும் எண்ணெயைக் கேட்டேன், அவர் கடைக்காரரைக் கேட்டார், மாட்டுக் கொழுப்பு. பல கடைகளில் அப்படித்தானாம், ருசிக்காக. அத்தை பையிலிருந்து நம்மூர்த் தட்டை ஒன்றை எடுத்து முந்தானையில் மறைத்து மென்றுகொண்டிருந்தார்.

பில் வந்தது. தலைக்கு 400 யென் முன்னுணவுக் காசு, கட்டாயம் ஒரு பானம் 600. மூன்று பேருக்கு மொத்தம் 3,000 யென் கையிலிருந்து கொடுத்தோம், தட்டை தின்ற அத்தைக்கும் சேர்த்து. கேட்காமலே ஒரு சின்னக் கிண்ணம் வைத்து அதற்குக் காசு வாங்குவது அங்கே குடிக்கடைகளில் உள்ள பழக்கம்தான், கடையைக் குறை சொல்ல மாட்டேன். எல்லாம் அடக்கம் என்று விற்ற டூரில் அதை யார் கொடுக்க வேண்டும்? "ஜப்பானீஸ் கஸ்டம்" என்று தோளைக் குலுக்கினார்.

கடைசி இடம் ஹோசென்ஜி சந்து. பாசி மூடி முழுப் பச்சையாக நிற்கும் ஃபுதோ என்ற புத்தமதத் தெய்வத்தின் சிலை, வருகிறவர்கள் ஒவ்வொருவரும் அள்ளித் தண்ணீர் ஊற்றி ஊற்றி அப்படி ஆகியிருக்கிறது. அத்தைக்கு அந்த ஒரு இடம் பிடித்தது. தண்ணீர் ஊற்றிவிட்டுக் கன்னத்தில் போட்டுக்கொண்டார். அங்கே வைத்துத்தான் வழிகாட்டி எல்லோரையும் போனை எடுக்கச் சொன்னார். ஐந்து நட்சத்திரம் போட்டுத் திரையைக் காட்டுகிறவர்களுக்கு மாட்சா ஐஸ்கிரீம். அவர் கணக்கில் பத்தாவது உணவு அது. பதினேழில் பதினொரு பேர் காட்டினார்கள். நான் புக் பண்ணும்போது படித்து மயங்கிய "அருமை, கட்டாயம் போங்கள்" எல்லாம் எப்படி வந்திருக்கும் என்று அப்போது விளங்கியது. ஒரே நாளில், ஒரே நேரத்தில், ஒரு வரியில் கொத்தாக வந்த பாராட்டுகளைக் கண்டால் ஒதுங்கிவிடுங்கள். இரண்டு, மூன்று நட்சத்திரக்காரர்கள் எழுதியதைத்தான் படிக்க வேண்டும்.

சைவக்காரர்களுக்கு இன்னொன்று. வெஜிடேரியனா என்று கேட்காதீர்கள், எல்லோரும் தலையாட்டுவார்கள். தாஷி எதில் செய்தது என்று கேளுங்கள். "சகானா மோ, கட்சுவோ தாஷி மோ தாபேராரேமசென்." மீனும் ஆகாது, அந்த மீன் சாறும் ஆகாது என்று அர்த்தம். இதை ஜப்பானிய எழுத்தில் போனில் வைத்துக் காட்டினால் கடைக்காரர்களே உண்மையைச் சொல்லிவிடுகிறார்கள், பாதி இடங்களில் கையைக் குறுக்கே வைத்து இல்லை என்றுவிடுவார்கள். அந்த "இல்லை"தான் நமக்கு வேண்டியது. ஷோஜின் ரியோரி என்ற புத்த மடத்துச் சமையல் கிடைத்தால் அதில் கடற்பாசி, காளான் சாறுதான் இருக்கும்.

மறுநாள் நாங்களாகவே தென்ஜின்பாஷிசுஜி கடைத்தெருவுக்குப் போனோம். இரண்டரைக் கிலோமீட்டருக்கு மேல் நீளும் கூரைத் தெரு, ஊர்க்காரர்கள் காய்கறி வாங்கும் இடம். அங்கே சுட்ட சர்க்கரைவள்ளிக்கிழங்கு 400 யென். தோல் கருகி, உள்ளே தேன் மாதிரி ஒழுகியது. அத்தை காகிதத்தோடு கையில் பிடித்துக்கொண்டு முழுவதையும் தின்றார்.

பணம்? புக் செய்த தளத்தில் புகார் கொடுத்தேன். ஒரு டிக்கெட் காசு திரும்ப வந்தது, அத்தையுடையது. மற்ற இரண்டுக்கும் வங்கியில் போட்டிருக்கிறேன். விளம்பரத்தை அன்றே ஸ்கிரீன்ஷாட் எடுத்து வைத்ததால் பிழைத்தேன். நான் புகார் கொடுத்த மூன்றாம் நாள் அதிலிருந்து "எட்டு பேர்", "லைசென்ஸ்" இரண்டு சொல்லும் காணாமல் போயின. ஜப்பானில் இருக்கும்போதே நடந்தால், சுற்றுலாப் பயணிகளுக்கென்றே அந்நாட்டு நுகர்வோர் மையம் ஒரு உதவித் தொலைபேசி வைத்திருக்கிறது, ஆங்கிலத்தில் பேசலாம். எனக்கு ஊர் திரும்பிய பிறகுதான் தெரிந்தது.

போன வாரம் அந்த நிறுவனத்திடமிருந்து ஒரு மெயில். சிரமத்துக்கு வருந்துகிறார்களாம், அடுத்த டூருக்குப் பத்து சதவீதம் தள்ளுபடிக் கூப்பன். அத்தையிடம் படித்துக் காட்டினேன்.

"இந்தத் தடவை மாசியத் தனியா பொட்டலம் கட்டித் தருவானாக்கும்" என்றுவிட்டு சீரியல் பார்க்கப் போய்விட்டார்.