கலெக்டர் நாற்காலியா, தூதரக மேசையா?

தேர்வு ஒன்றுதான்; யு.பி.எஸ்.சி. நடத்தும் குடிமைப் பணித் தேர்வு. தேறிய கடலூர்ப் பிள்ளைக்கு ஐ.ஏ.எஸ். வேண்டுமா, ஐ.எஃப்.எஸ். என்ற வெளியுறவுப் பணி வேண்டுமா என்பதில்தான் வழி பிரிகிறது.

கலெக்டரை ஊரே அறியும். 2011 டிசம்பர் 30 அன்று தானே புயல் கடலூருக்கும் புதுச்சேரிக்கும் இடையே கரையைக் கடந்தபோது, முந்திரியும் பலாவும் சாய்ந்துபோன பண்ருட்டி விவசாயி நிவாரணத்துக்கு எதிர்பார்த்தது மாவட்ட நிர்வாகத்தைத்தான். பலன் கண்ணெதிரே தெரியும், வசவும் அப்படியே.

தூதரக அதிகாரிக்கு அந்த ஆரவாரம் இல்லை. டெல்லியில் பயிற்சி, கட்டாயமாக ஓர் அயல்மொழி, பிறகு மூன்றாம் செயலராக முதல் வெளிநாட்டுப் பணி. சுமார் மூன்றாண்டுக்கு ஒருமுறை மூட்டை கட்ட வேண்டும். பிள்ளைகளுக்குப் பள்ளி மாறும். மனைவியோ கணவரோ வேலையை விட நேரும். விருந்தும் கோட்டும் மட்டுமே இந்தப் பணி என்று நினைப்பவர்கள் பலர். வளைகுடாவில் இறந்த தொழிலாளியின் உடலை ஊருக்கு அனுப்ப ஆவணம் தயார்செய்வதும் இதே மேசைதான்.

இரண்டு பக்கமும் பார்த்தவர் கேவல் சிங். புதுச்சேரியில் இந்தியாவின் கான்சல் ஜெனரலாக, அதாவது துணைத் தூதரகத் தலைவராக, இருந்தவர், 1954 நவம்பர் 1 அன்று பிரெஞ்சு ஆட்சி கைமாறியதும் அங்கேயே நிர்வாகத்தை நடத்தும் தலைமை ஆணையரானார்; பின்னாளில் வெளியுறவுச் செயலர்.

பிரெஞ்சைக் காதில் கேட்டே வளர்ந்த புதுச்சேரிக்காரருக்கு என் ஓட்டு ஐ.எஃப்.எஸ்.தான், வீட்டார் சம்மதித்தால்.