சிங்கம் தமிழில் பேசட்டும்: டப்பிங்கா, சப்டைட்டிலா?

2024 டிசம்பர் 20 அன்று 'முஃபாசா: தி லயன் கிங்' வந்தது. அரையாண்டு விடுமுறை என்பதால் பிள்ளைகளை அழைத்துப் போயே ஆக வேண்டும். ஆங்கிலக் காட்சியா, தமிழ்க் காட்சியா என்று வீட்டில் பேச்சு எழுந்தது. தமிழுக்கே டிக்கெட் எடுத்தேன். இப்போது யார் கேட்டாலும் அதையே சொல்வேன்.

மூலக் குரல்களைக் கேட்கலாம், பிள்ளைகளுக்கு ஆங்கிலம் பழகும் என்பவை எல்லோரும் அறிந்த வாதங்கள். மறுக்கவில்லை. ஆனால் எனக்கு முடிவைத் தீர்மானித்தது கண். அனிமேஷனில் பாதிக் கதையைப் படமே சொல்கிறது. மகள் மூன்றாம் வகுப்பு. இன்னும் எழுத்துக்கூட்டித்தான் வாசிக்கிறாள். திரையரங்கில் ஆங்கிலப் படத்துக்கு வரும் சப்டைட்டிலும் பெரும்பாலும் ஆங்கிலத்திலேயே இருக்கும். இரண்டு வரி தோன்றி மறைவதற்குள் முதல் வரியில் பாதியைக்கூட அவள் தாண்டியிருக்க மாட்டாள்; அதற்குள் வெள்ளம் வந்து குட்டி முஃபாசாவை அடித்துக்கொண்டு போயிருக்கும். சரளமாக வாசிக்கும் எனக்கே பார்வை கீழே இறங்கி ஏறுவதில் முகபாவம் ஒன்றிரண்டு தவறிவிடும். தமிழ்க் காட்சியில் அவள் கண் படத்தை விட்டு அகலவில்லை. ரோபோ சங்கர் குரல் கொடுத்த காட்டுப்பன்றி பும்பாவும் சிங்கம்புலி குரல் கொடுத்த கீரி டிமோனும் வாயாடியபோது அரங்கத்தோடு சேர்ந்தே சிரித்தாள். "என்னப்பா சொன்னான்?" என்று ஒரு முறைகூடக் கேட்கவில்லை.

டப்பிங் ஒட்டாது என்பார்கள். நடிகர் நடித்த படத்தில் அவருடைய சொந்தக் குரலை எடுத்துவிடுகிறோம். அந்தக் குறை நியாயம். ஆனால் கணினியில் உருவான சிங்கத்துக்குச் சொந்தக் குரல் ஏது? ஆங்கிலத்திலும் ஒருவர் மைக் முன்னால் பேசியதுதான். அர்ஜுன் தாஸின் கனத்த குரல் முஃபாசாவுக்கு அப்படிப் பொருந்தியது. உதட்டசைவும் விலங்கு முகத்தில் அவ்வளவாக உறுத்தாது. 'ஃப்ரோஸன் 2' போல மனித முகங்கள் பேசும் படத்தில்தான் சோதனை: ஆங்கிலத்தில் உதடு மூடுகிற இடத்தில் தமிழிலும் ப, ம வருகிற சொல் விழ வேண்டும். வசனம் எழுதுபவரின் உழைப்பு அங்கேதான் தெரியும்.

பாடல் என்று வந்தால் ஆங்கிலத்துக்கே என் ஓட்டு. மெட்டு நீளும் இடத்தில் குறில் விழுந்தால் சொல் சிதைந்துவிடும். மெட்டுக்கு எழுதுவது நம் கவிஞர்களுக்குக் கைவந்த கலைதான். ஆனால் இங்கே மூலத்தின் பொருளையும் வாயசைவையும் சேர்த்துச் சுமக்க வேண்டியிருக்கிறது. 'முஃபாசா'வுக்கு ஆங்கிலத்தில் பாட்டெழுதிய லின்-மானுவல் மிராண்டாவின் பாடல்களுக்காகவே போகிறவர்கள் ஆங்கிலக் காட்சியைத் தேர்ந்தெடுக்கலாம்.

ஜப்பானிய அனிமே பற்றி அவ்வளவு உறுதியாகப் பேச மாட்டேன்; தமிழில் நான் பார்த்தவை குறைவு. 2025 செப்டம்பரில் 'டீமன் ஸ்லேயர்' தமிழிலும் திரைக்கு வந்தபோது, கல்லூரியில் படிக்கும் அக்கா மகன் ஜப்பானிய மொழியில்தான் பார்ப்பேன் என்று நின்றான். பல ஆண்டுகளாக அந்தக் குரல்களோடு வளர்ந்தவன், சப்டைட்டிலை வேகமாக வாசிப்பவன். அவனுக்கு அதுவே சரியாக இருக்கலாம்.