தாழியாளா, தேரிநடையானா?

நாங்கள் சேர்ந்து கட்டிவரும் கனவூருக்கு, அதாவது எல்லோர் கனவிலும் பொதுவாக வரும் கற்பனை ஊருக்கு, காவல் வைக்க இரண்டு உருவங்கள் மிஞ்சியிருக்கின்றன. ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டும்.

தேரிநடையான் தூத்துக்குடி மாவட்டத்துக் குதிரைமொழித் தேரி என்னும் மணல்மேட்டின் செம்மணலில் பிறந்தவன். உடம்பு கிடையாது, காற்று மணலை நகர்த்தும்போது மட்டும் இருப்பான். நேற்றுக் கனவில் ஏறிய மேடு இன்று வேறெங்கோ நிற்கும். நல்ல கற்பனைதான். ஆனால் வருகிறவர்களைத் தனித்தனியே அலையவிடுகிறான்.

தாழியாள் அப்படியில்லை. தாமிரபரணியின் தென்கரையில், ஆதிச்சநல்லூர்ப் பரம்பில், 1876-இல் ஜெர்மானிய ஆய்வாளர் ஜாகோர் தோண்டிப் பார்த்தாரே, இறந்தவர்களைப் புதைத்த பெரிய மண்பானைகளான அந்த முதுமக்கள் தாழிகள்தான் அவள் வீடு. முழங்காலில் மோவாயை ஊன்றி உட்கார்ந்திருப்பாள். நெற்றியில் மெல்லிய தங்கப்பட்டம், மடியில் நெல் உமி. இரண்டும் அங்கே தாழிகளோடு உண்மையிலேயே கிடைத்தவை. ஒருவர் தன் கனவில் எதையாவது தாழிக்குள் போட்டால், இன்னொருவர் தன் கனவில் அதை எடுத்துக்கொள்ளலாம். பொதுக்கனவு என்றால் இதுதானே!

“ஏல, அவகிட்டப் பயமே வரலையே” என்கிறான் கூட்டாளி ஒருவன். அடி தெரியாத தாழிக்குள் கைவிடும் அந்த ஒரு நொடி எனக்குப் போதும்.

என் ஓட்டு தாழியாளுக்கே. தேரிநடையானுக்கு ஊர் எல்லையை, ஆடிக்காற்றுக் காலத்துக்கு மட்டும் கொடுத்துவிடலாம்.