காலிபர் திருகும் கிட்: பின் பிரேக் பேட் மாற்றுகிறவர்களுக்கு, உப்புக்காற்று ஊரிலிருந்து

"மக்கா, காலிபர் திருகுற கிட்டு விலை இறங்கியிருக்கு. வாங்கிப் போடட்டா?" என்று குமரி மாவட்டத்து மணவாளக்குறிச்சியிலிருந்து ஒரு கேள்வி. பேட் மாற்றும்போது பிஸ்டனைத் திருகி உள்ளே அனுப்புகிற கிட் அது. கேட்டவருடைய வண்டியில் பின்னாடியும் டிஸ்க்தான், ஹேண்ட்பிரேக் கேபிள் நேரே காலிபரில், அதாவது பேடை டிஸ்க்கில் அமுக்கிப் பிடிக்கிற கவ்வியில், வந்து மாட்டுகிற வகை. அதே வகைக் காலிபரில் இந்தக் கிட்டை வருடக்கணக்கில் பயன்படுத்தியாயிற்று. பெட்டிக்குள் என்னென்ன இருக்கிறது என்பதை விற்கிற இடத்திலேயே படித்துக்கொள்ளலாம், அதை விட்டுவிடுகிறேன்.

உங்கள் வண்டிக்கு இது தேவையா என்று முதலில் பாருங்கள். சில வண்டிகளில் பின் டிஸ்க்கின் நடுக்குழிக்குள் ஒரு சின்ன டிரம் இருக்கும், ஹேண்ட்பிரேக்குக்குத் தனி ஷூ. அதில் பிஸ்டனை சி-கிளாம்ப் வைத்து நேராக அமுக்கினால் உள்ளே போய்விடும், கிட் வேண்டாம். எலக்ட்ரானிக் பார்க்கிங் பிரேக் உள்ள வண்டியில் காலிபரின் முதுகில் மோட்டார் உட்கார்ந்திருக்கும். ஸ்கேனர் வழியாகவோ வண்டியின் மெனு வழியாகவோ சர்வீஸ் மோடுக்குக் கொண்டுபோகாமல் அதில் கைவைக்காதீர்கள். மூன்றாவது வகைதான் நம் விஷயம். பிஸ்டனுக்குள் ஒரு திருகுமரை இருக்கிறது. பேட் தேயத் தேய பிஸ்டன் அந்த மரையில் தன்னை அட்ஜஸ்ட் செய்துகொண்டு வெளியே வரும். அதைத் திருகித்தான் உள்ளே அனுப்ப வேண்டும். சி-கிளாம்ப் போட்டு முரட்டுத்தனமாக அமுக்கினால் அட்ஜஸ்டர் போய்விடும், பேட் விலையில் முடிய வேண்டியது காலிபர் விலைக்குப் போகும்.

இனி எரிச்சலுக்கு வருகிறேன். இந்த வகைக் காலிபரில் இத்தனை காலமும் தீராத ஒரே எரிச்சல் உள்பக்கத்து பேட்.

வீல் ஓட்டை வழியாக டார்ச் அடித்துப் பார்த்தால் தெரிவது வெளிப்பக்கத்து பேட். புதுப் பேடில் உரசும் பகுதி பொதுவாக 8 முதல் 10 மி.மீ. இருக்கும், 2 மி.மீ.க்கு வந்தால் மாற்றிவிட வேண்டும். வெளிப் பேடில் 5, 6 மி.மீ. பத்திரமாக நிற்கும். "இன்னும் ஒரு வருசம் ஓடும்" என்று ஒர்க் ஷாப்பிலும் சொல்லி அனுப்புவார்கள். கழற்றினால் உள் பேட் இரும்பு வரைக்கும் போயிருக்கும், டிஸ்க்கின் உள்முகத்தில் வரிவரியாகக் கீறல். ஆகவே வீலைக் கழற்றாமல் பின் பேடைப் பற்றி யார் சொன்னாலும் நம்பாதீர்கள்.

காரணம் எளிது. காலிபர் இரண்டு ஸ்லைடு பின்களின் மேல் நகர்கிறது. பிஸ்டன் உள் பேடைத் தள்ள, அந்த எதிர்விசையில் காலிபர் உடம்பே நகர்ந்து வெளிப் பேடை இழுத்து டிஸ்க்கில் ஒட்ட வைக்கிறது. ஸ்லைடு பின் இறுகிப்போனால் காலிபர் நகராது, முழு வேலையும் உள் பேட் தலையில் விழும். ஸ்லைடு பின் சரியாக இருந்தும், பேடின் இரு முனையிலும் நீட்டியிருக்கிற காது அதைத் தாங்குகிற பிராக்கெட்டில் இறுகினால், பிரேக்கை விட்ட பிறகும் பேட் பின்வாங்காமல் உரசிக்கொண்டே இருக்கும். நம் கடலோரத்தில் இரண்டும் சேர்ந்தே வரும்.

பிராக்கெட் வார்ப்பிரும்பு, அதன் மேல் உட்காரும் கிளிப் ஸ்டெயின்லெஸ் தகடு. குளச்சல், முட்டம், ராஜாக்கமங்கலம் துறை என்று கடலைப் பார்த்து நிற்கிற வண்டிகளில் உப்பு ஈரம் கிளிப்புக்கு அடியில் புகுந்துவிடும். கிளிப் பளபளவென்றுதான் இருக்கும். அடியில் இரும்பு துருப்பிடித்து, பொரிந்த அப்பளம்போல உப்பிக் கிளிப்பை மேலே தூக்கிவிடும். இரும்பைவிடத் துருவுக்கு இடம் அதிகம் வேண்டும், அவ்வளவுதான் விஷயம். அரை மில்லிமீட்டர் தூக்கினாலே பேடின் காது நெருக்கப்பட்டு நகராமல் நின்றுவிடும். பிரேக் பிடிக்கும்போது பாரம் முன்னால் சாய்வதால் பின் பிரேக்குக்கு வேலை குறைவு, சூடும் குறைவு. அதனால் டிஸ்க்கில் படிகிற துருவும் முழுசாக உரசிப் போகாது. குலசேகரம், திற்பரப்புப் பக்கத்து வண்டிகளுக்குச் செம்மண் சேறுதான் தொல்லை, அது தண்ணீர் அடித்தால் போய்விடும். மணவாளக்குறிச்சிக் கடற்கரை மணலில் இல்மனைட்டோடு கார்னெட்டும் இருக்கிறது. உப்புத்தாள் செய்யப் பயன்படுகிற கல் அது. காற்றில் பறந்து பேடுக்கும் டிஸ்க்குக்கும் நடுவில் சிக்கினால் என்ன செய்யும் என்று சொல்ல வேண்டியதில்லை.

ஆகவே பேட் மாற்றுவது என்றால் பாதி வேலை பிராக்கெட்டைச் சுத்தம் செய்வதுதான். பழைய பேடை உருவி, புதுசைச் செருகி, அரை மணியில் முடித்துக் கொடுக்கிற வேலை நம் ஊரில் அடுத்த மழையைத் தாங்காது.

சமதரையில் நிறுத்தி, முன் சக்கரங்களுக்கு முன்னும் பின்னும் கட்டை வையுங்கள். முன் சக்கர டிரைவ் வண்டி என்றால் கியரில் போடுங்கள், ஆட்டோமேட்டிக் என்றால் பார்க்கில். ஹேண்ட்பிரேக்கை முழுசாக இறக்கிவிடுங்கள், ஏற்றி வைத்தால் காலிபர் கழலாது. வீல் நட்டை டயர் தரையில் இருக்கும்போதே அரைச் சுற்றுத் தளர்த்த வேண்டும். மண் முற்றம் என்றால் ஜாக்கிக்கு அடியில் தடித்த அயினிப் பலகை ஒன்று. தூக்கியதும் ஜாக்கி ஸ்டாண்டு கொடுத்து, பாரத்தை அதன்மேல் இறக்குங்கள். ஹாலோ பிளாக்கை முட்டுக் கொடுக்கிற பழக்கம் நம் ஊரில் உண்டு, அது விரிசல் காட்டாமல் ஒரேயடியாக நொறுங்கும். ஸ்டாண்டு இல்லாதவர் இந்த வேலையைத் தொட வேண்டாம்.

ஒரு நேரத்தில் ஒரு பக்கம் மட்டும் கழற்றுங்கள். எது எப்படி இருந்தது என்று சந்தேகம் வந்தால் மறுபக்கத்தைப் பார்த்துக்கொள்ளலாம். மாற்றுவது மட்டும் இரண்டு பக்கமும், 4 பேடும். காலிபர் போல்ட் வண்டியைப் பொறுத்து 12, 13 அல்லது 14 சைஸ். போல்ட்டைத் திருப்பும்போது ஸ்லைடு பின்னும் கூடவே சுற்றும், அதை மெல்லிய ஓப்பன் ஸ்பேனரால் பிடித்துக்கொள்ள வேண்டும். கழற்றிய காலிபரை ஹோஸில் தொங்க விடாதீர்கள். கட்டுக்கம்பி ஒரு துண்டு எடுத்து ஸ்பிரிங்கில் கட்டித் தொங்கவிடுங்கள்.

பிராக்கெட்டையும் கழற்றிவிடுவது நல்லது. கிளிப்பை எடுத்து, அடியில் உள்ள துருவைத் தட்டை ஸ்குரூ டிரைவரால் சுரண்டி, கம்பி பிரஷ் போட்டு, கடைசியில் அரத்தால் லேசாக. துருதான் போக வேண்டும், இரும்பு போகக் கூடாது. பேட் இறுக்கமாக இருக்கிறது என்று பேடின் காதை அரம் போட்டுக் குறைக்கிறவர்கள் உண்டு. அது தப்பு. துரு அங்கேயே இருக்கும், ஆறு மாதத்தில் மறுபடி இறுகும். மலிவுப் பேடுகளில் காதில் பெயின்ட் தடிமனாக இருந்தால் அந்தப் பெயின்ட்டை மட்டும் உரசி எடுக்கலாம். புதுக் கிளிப் போட்டபின் பேடை விரலால் தள்ளினால் நகர வேண்டும், ஆனால் ஆடக் கூடாது.

ஸ்லைடு பின்னை உருவி, காய்ந்துபோன பழைய கிரீஸை பிரேக் கிளீனரால் துடைத்தெடுங்கள். குழிக்குள்ளும் சுத்தம் செய்யாவிட்டால் பயனில்லை. இரண்டு பின்னும் ஒன்றுபோலத் தெரியும், சில வண்டிகளில் ஒன்றில் ரப்பர் புஷ் இருக்கும். மேலது மேலே, கீழது கீழே என்று குறித்துவைத்துக்கொள்ளுங்கள். சிலிக்கான் கிரீஸ் அல்லது பிரேக்குக்கென்றே விற்கிற கிரீஸ், மெல்லிய பூச்சு போதும். அள்ளி அடைத்தால் உள்ளே காற்று அடைபட்டு பின்னை வெளியே தள்ளும். பேரிங்குக்குப் போடுகிற சாதா கிரீஸ் வேண்டவே வேண்டாம், ஸ்லைடு பின்னை மூடுகிற பூட் ரப்பர் ஊறி வீங்கிவிடும். பூட்டில் சின்னக் கிழிசல் இருந்தாலும் மாற்றுங்கள், உப்பு அந்த வழியாகத்தான் நுழைகிறது.

டிஸ்க்கில் குறைந்தபட்சத் தடிமன் பொறித்திருக்கும். விளிம்பில் நிற்கிற மேட்டைச் சேர்க்காமல், பேட் உரசும் இடத்தில் அளந்து பாருங்கள். அதற்குக் கீழே போயிருந்தால் புதுப் பேட் போடுவது வீண்.

இப்போது கிட். இதன் அருமை பிஸ்டனைத் திருகும்போதுதான் தெரியும். மூக்குப் பிளையரால் பிஸ்டன் பள்ளத்தைப் பிடித்துத் திருப்பினால் வழுக்கும், பிஸ்டனைச் சுற்றியிருக்கிற டஸ்ட் பூட் ரப்பரைக் கிழிக்கும். கனசதுரமாக விற்கிற மலிவு டூல் திருப்பும், ஆனால் அமுக்காது. பல காலிபர்களில் அமுக்கிக்கொண்டே திருப்பினால்தான் பிஸ்டன் இறங்கும். கிட் இரண்டையும் ஒன்றாகச் செய்கிறது. பொருந்துகிற வட்டத்தகட்டைப் பிஸ்டன் பள்ளத்தில் பொருத்தி, எதிர்த்தகட்டை வெளிப் பேடைப் பிடிக்கிற காலிபர் விரல்களில் அணைத்து, கைப்பிடியைத் திருப்பத் திருப்ப பிஸ்டன் வழுவழுவென்று இறங்குவதைப் பார்த்தால் கோபமெல்லாம் போய்விடும். பெரும்பாலும் கடிகாரச் சுற்று. சில வண்டிகளில் ஒரு பக்கம் எதிர்ச்சுற்று, அதற்குத்தான் கிட்டில் இரண்டு மரைத்தண்டு. கால் சுற்றுத் திருப்பியும் இறங்கவில்லையானால் திசையைச் சந்தேகப்படுங்கள், பலத்தைக் கூட்டாதீர்கள்.

பிஸ்டன் இறங்கும்போது ஆயில் டப்பாவுக்குத் திரும்பி ஏறும். அதனால் திருகும் முன்பே பிரேக் ஆயில் டப்பாவின் மூடியைத் திறந்துவைத்து, மேல் கோடு வரை இருந்தால் சிரிஞ்சால் கொஞ்சம் உறிஞ்சிவிட வேண்டும். வழிந்தால் பெயின்ட் உரியும், உடனே தண்ணீர் ஊற்றிக் கழுவுங்கள். திருகும்போது டஸ்ட் பூட்டும் சேர்ந்து முறுக்கிக்கொள்ளும். அதன் உதட்டில் துளி சிலிக்கான் கிரீஸ் தடவினால் பிஸ்டன் மட்டும் சுற்றும். கடைசியாக ஒன்று, பலர் கவனிக்காதது. சில வண்டிகளில் உள் பேடின் முதுகில் ஒரு சிறு முளை இருக்கும். பிஸ்டன் பள்ளத்தில் அது சரியாக உட்காரும்படி பிஸ்டனை நிறுத்த வேண்டும். முளை மேட்டில் ஏறி நின்றால் பேட் சரிந்து தேயும், ஹேண்ட்பிரேக்கும் தொளதொளக்கும்.

கிட்டின் குறை அந்த எதிர்த்தகடு. மரைத்தண்டு நல்ல இரும்பு, வட்டத்தகடுகளும் பரவாயில்லை, இதை மட்டும் யாரோ மிச்சத் தகட்டில் வெட்டிப் போட்டிருக்கிறார்கள். சிறிய காலிபரில் விரல்களின் மேல் முழுசாக உட்காராது, பலம் கொடுத்தால் வளையும். பழைய வெளிப் பேடை அதன் பின்னால் முட்டுக் கொடுத்தால் வேலை நடக்கும். விலை கொடுத்து வாங்கிய பொருளுக்கு நாமே முட்டுக் கொடுப்பது என்ன நியாயம்?

மாட்டும்போது காலிபரில் உள்ள ஹேண்ட்பிரேக் லீவரைக் கவனியுங்கள். கேபிள் இறங்கியிருக்கும்போது அது தன் முட்டுவரை திரும்பி நிற்க வேண்டும். கேபிள் உறைக்குள் துருவேறினால் லீவர் பாதியில் நின்று, பேட் எப்போதும் உரசும். இது இருக்கும்போது எத்தனை பேட் மாற்றினாலும் தேய்மானம் நிற்காது. காலிபர் போல்ட்டின் முறுக்கு அளவு வண்டிக்கு வண்டி மாறும். மேனுவலைப் பார்த்து டார்க் ரெஞ்ச் போடுங்கள், கை பலத்தில் முறுக்கி மரையைக் கெடுத்துவிட வேண்டாம். வண்டியை நகர்த்தும் முன் பிரேக் பெடலைக் கெட்டியாகும் வரை மிதிக்க வேண்டும். முதல் மிதி தரை வரை போகும், பயப்பட வேண்டாம். அதன்பிறகு ஹேண்ட்பிரேக்கைப் பலமுறை ஏற்றி இறக்கினால் அட்ஜஸ்டர் தன் இடத்துக்கு வரும்.

புதுப் பேடை டிஸ்க்கோடு பழக்க ஆரல்வாய்மொழி தாண்டி முப்பந்தல் பக்கம் காலையில் காலியாகக் கிடக்கிற சாலை உத்தமம். மணிக்கு 60 கி.மீ.யிலிருந்து 15 வரை, முழுக்க நிறுத்தாமல், எட்டுப் பத்து முறை மிதமாகக் குறையுங்கள். மார்த்தாண்டம் நெரிசலில் போய்ப் பழக்க நினைக்காதீர்கள்.

பிரேக் ஆயில் காற்றிலுள்ள ஈரத்தை உறிஞ்சும். டாட் 4 ஆயிலுக்குப் புதுசில் கொதிநிலை குறைந்தது 230 டிகிரி இருக்க வேண்டும், ஈரம் ஏறியதற்கு 155 டிகிரிதான் வரம்பு. இரண்டு மழையும் பார்க்கிற மாவட்டத்தில் 2 வருடத்துக்கு ஒருமுறை மாற்றுவது ஆடம்பரமல்ல. பேடில் இரும்பு நார் அதிகமுள்ள செமி மெட்டாலிக் வகை மழை இரவில் டிஸ்க்கோடு துருப்பிடித்து ஒட்டும், காலையில் 'டக்' என்று விடும். நாள்கணக்கில் நிறுத்துவதானால் ஹேண்ட்பிரேக் போடாமல் கியரும் கட்டையுமாக நிறுத்துங்கள்.

சரி, கிட் வாங்கலாமா? மார்க் போடச் சொன்னால் பத்துக்கு எட்டு போடுவேன். ஆனாலும் வாங்காதீர்கள். பிஸ்டனைத் திருகுகிற வேலை சில வருடத்துக்கு ஒருமுறைதான் வரும். வருடா வருடம் மழை முடிந்ததும் செய்ய வேண்டியது பிராக்கெட்டும் ஸ்லைடு பின்னும் சுத்தம் செய்வது. பழைய பேடையே திரும்ப மாட்டுகிற அந்த வேலைக்குப் பிஸ்டனைத் தொடவே வேண்டாம். அந்தக் காசில் ஜாக்கி ஸ்டாண்டு இரண்டு, கிளிப் செட், பூட் செட், ஒரு டியூப் சிலிக்கான் கிரீஸ் வாங்குங்கள். பேட் மாற்றுகிற நாள் வரும்போது இங்கே வந்து கிட்டை எடுத்துப் போங்கள். எதிர்த்தகட்டைச் சுத்தியலால் தட்டி நிமிர்த்தி வைத்திருக்கிறது. திரும்பக் கொண்டுவரும்போது அப்படியே வர வேண்டும், சொல்லிவிட்டேன்.