மெனுவில் 214 கேம், கம்ப்யூட்டரில் 9: பார்டர் தாண்டிப் போய் வாங்குபவர்கள் கவனத்துக்கு

கொழிஞ்சாம்பாறை, வேலந்தாவளம், கோபாலபுரம் பக்கத்திலிருந்து கோயம்புத்தூருக்கோ பொள்ளாச்சிக்கோ போய்ப் பழைய கம்ப்யூட்டர் வாங்கப் போகிற எல்லோருக்கும் இதை எழுதுகிறேன். "குழந்தைகளுக்கு 200 கேம் போட்டுத் தர்றோம், மெனுவுல வகை வகையா அடுக்கித் தர்றோம்" என்று சொல்லி அதற்குத் தனியாகக் காசு கேட்டால் கொடுக்காதீர்கள். கொடுப்பதாக இருந்தால், கடையிலேயே உட்கார்ந்து கீழே எழுதியிருப்பதைப் பார்த்துவிட்டு அப்புறம் கொடுங்கள். எங்கள் வீட்டுக்கு வந்த கம்ப்யூட்டரின் மெனுவில் 214 கேம் வரிசையாக நின்றன. உள்ளே நிஜமாக இருந்தவை 9.

எதற்காக வாங்கினோம் என்று முதலில் சொல்லிவிடுகிறேன். என் மகளும் மகனும் இங்கே தமிழ் மீடியத்தில் படிக்கிறார்கள். கேரள அரசுப் பள்ளிக்கூடங்களின் கம்ப்யூட்டர் லேபில் விண்டோஸ் கிடையாது. பள்ளிகளின் கம்ப்யூட்டர் கல்வியைப் பார்த்துக்கொள்ளும் அரசின் கைட் நிறுவனம், உபுண்டு என்ற இலவச லினக்ஸை அடிப்படையாக வைத்துத் தயாரித்த லினக்ஸ்தான். விண்டோஸ் மாதிரியே கம்ப்யூட்டரை இயக்குகிற மென்பொருள் அது. சின்ன வகுப்புப் பிள்ளைகள் அதில் ஜிகாம்ப்ரிஸ், டக்ஸ் பெயின்ட் எல்லாம் போட்டு விளையாடிக்கொண்டே மவுஸ் பிடிக்கவும் எழுத்தும் கணக்கும் பழகுகிறார்கள். அதே மாதிரி ஒன்று வீட்டிலும் இருந்தால் நல்லது என்று மகள் கேட்டுக்கொண்டே இருந்தாள். நியாயமான ஆசை. கோயம்புத்தூர் ரோட்டில் ஒரு கடைக்காரர் வாட்ஸ்அப் ஸ்டேட்டஸில் "ஸ்கூல் லினக்ஸ், 200+ கேம், மெனு செட்டிங்குடன்" என்று போட்டிருந்தார். மானிட்டரோடு சேர்த்து 11,000 ரூபாய், கேம் பேக்கேஜுக்கு மட்டும் தனியாக 2,500. கடையில் போட்டுக் காட்டும்போது எல்லாமே ஓடின. கார் ஓடியது, கிரிக்கெட் ஓடியது, பசங்களுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை.

வீட்டுக்கு வந்து மாட்டியதும் மெனுவைத் திறந்தால் பார்க்க அவ்வளவு அழகு. கேம்ஸ் என்று ஒரு தலைப்பு, அதற்குள் ஆக்‌ஷன், ரேஸ், கிரிக்கெட், கிட்ஸ், பஸில் என்று பிரிவுகள், ஒவ்வொன்றிலும் கலர் கலராக ஐகான்கள். ஆனால் கிரிக்கெட்டில் எதைத் தொட்டாலும் ஒரு நொடி சுற்றிவிட்டு நின்றுவிடுகிறது. ரேஸில் எதைத் தொட்டாலும் ஒரே கார் விளையாட்டு. ஜிடிஏ 5 என்று இருந்ததை என் மகன் அழுத்தினான். விளையாட்டு வரவில்லை, பிரௌசர் திறந்தது. "விளையாட மொபைல் நம்பர் கொடுங்கள், ஓடிபி வரும்" என்று ஒரு பக்கம். நல்ல வேளையாக என் போன் அப்போது என் கையில் இருந்தது. பெரியவர்கள் யாரும் பக்கத்தில் இல்லாத வீட்டில், போனும் மேசை மேல் கிடந்தால், அந்தக் குழந்தை நம்பரைப் போட்டு ஓடிபியையும் போட்டிருக்கும். இந்தப் பதிவை எழுத வைத்தது 2,500 ரூபாய் போனது மட்டுமல்ல, இதுவும்தான்.

என் நாத்தனார் மகள் ஒன்பதாம் வகுப்பு, பள்ளிக்கூடத்தில் லிட்டில் கைட்ஸில் இருக்கிறாள். கேரளத்தில் ஹைஸ்கூல் பிள்ளைகளுக்கான ஐடி கிளப் அது, 2018-இல் ஆரம்பித்தது. அவளைக் கூப்பிட்டுக் காட்டினேன். மவுஸை நாலு இடத்தில் அழுத்திவிட்டு, "அத்தை, இது கேமே இல்ல, வெறும் பேரு" என்றாள். "என்ன கண்ணு சொல்ற?" என்றதும், ஹோம் போல்டரில் கன்ட்ரோலும் ஹெச்சும் சேர்த்து அழுத்தி, மறைந்திருக்கும் போல்டர்களை வரவைத்தாள். டாட் லோக்கல், அதற்குள் ஷேர், அதற்குள் அப்ளிகேஷன்ஸ். அங்கே 200-க்கும் மேற்பட்ட குட்டிக் குட்டி பைல்கள். ஒன்றை டெக்ஸ்ட் எடிட்டரில் திறந்தாள்.

அந்த பைலில் இருந்ததை அப்படியே சொல்கிறேன், ஏனென்றால் மொத்த ஏமாற்றும் இதற்குள்தான் இருக்கிறது. ஆறேழு வரிதான். நேம் என்ற வரியில் "ஹில் கார் ரேஸ் 3". ஐகான் என்ற வரியில் எங்கிருந்தோ எடுத்த ஒரு சிவப்புக் கார் படம். கேட்டகரீஸ் என்ற வரியில் கேம், ஸ்போர்ட்ஸ்கேம். எக்ஸெக் என்ற வரியில் சூப்பர்டக்ஸ்கார்ட் என்ற இலவசக் கார் விளையாட்டு. அடுத்த பைலைத் திறந்தாள். நேம் "சிட்டி டிரைவர்", ஐகான் ஒரு மஞ்சள் டாக்சி, எக்ஸெக்கில் திரும்பவும் சூப்பர்டக்ஸ்கார்ட். அடுத்தது "மான்ஸ்டர் டிரக்". அதிலும் அதுவே. "இதுவும் அதே காருதான் அத்தை" என்று அவள் சொல்லச் சொல்ல எனக்குக் கை நடுங்கியது, கோபத்தில்.

லினக்ஸ் மெனு இப்படித்தான் உருவாகிறது. ஒவ்வொரு ஆப்புக்கும் டாட் டெஸ்க்டாப் என்று முடியும் ஒரு டெக்ஸ்ட் பைல் இருக்கும். நேம் வரியில் இருப்பது மெனுவில் தெரியும் பெயர், ஐகான் வரியில் இருப்பது படம், கேட்டகரீஸ் வரி எந்தப் பிரிவில் போய் உட்கார வேண்டும் என்பதைச் சொல்லும், எக்ஸெக் வரிதான் அழுத்தினால் எது ஓட வேண்டும் என்பதைச் சொல்லும். நேம் வரிக்கும் எக்ஸெக் வரிக்கும் சம்பந்தம் இருக்கிறதா என்று கம்ப்யூட்டர் பார்ப்பதில்லை. வாசலில் பெயர்ப்பலகை மாட்டியிருப்பதால் உள்ளே ஆள் குடியிருக்கிறார் என்று ஆகாது அல்லவா, அதுதான் இங்கே நடந்தது. ஒரே விளையாட்டுக்கு இருபது பலகை மாட்டலாம், இல்லாத விளையாட்டுக்கும் மாட்டலாம்.

மெனுவை ஒழுங்குபடுத்துவது நல்ல வேலைதான், அதை நான் குறை சொல்லவில்லை. குழந்தைகளுக்கான விளையாட்டு, புதிர், சீட்டு, பந்தயம் என்று பிரிப்பதற்காகவே கிட்ஸ்கேம், லாஜிக்கேம், கார்ட்கேம், ஸ்போர்ட்ஸ்கேம் என்று முறையான வகைப் பெயர்கள் வைத்திருக்கிறார்கள். அந்த வசதியையே ஆளை ஏமாற்றப் பயன்படுத்தியதுதான் அநியாயம்.

கிட்ஸ் பிரிவில் செய்திருந்தது இதைவிடத் தந்திரமானது. ஜிகாம்ப்ரிஸ் ஒரே ஒரு ஆப். அதற்குள் நூற்றுக்கும் மேற்பட்ட சின்னப் பயிற்சிகள் இருக்கின்றன. ஆரம்பிக்கும்போதே குறிப்பிட்ட ஒரு பயிற்சிக்கு நேராகப் போகச் சொல்லவும் அதில் வழி உண்டு. கடைக்காரர் ஒவ்வொரு பயிற்சிக்கும் ஒரு பைல் எழுதி, ஒவ்வொன்றையும் தனித்தனிக் கேம் என்று கணக்கில் சேர்த்துவிட்டார். பாதி எண்ணிக்கை அப்படித்தான் ஏறியிருக்கிறது. கிரிக்கெட்டும் சண்டை விளையாட்டுகளும் இன்னொரு வகை. அவற்றின் எக்ஸெக் வரி ஒரு ஸ்கிரிப்டை, அதாவது கமாண்டுகளை எழுதி வைத்த ஒரு பைலை, கூப்பிடுகிறது. அந்த ஸ்கிரிப்ட் ஒரு பென் டிரைவின் பெயரைச் சொல்லி அதற்குள் போய்த் தேடுகிறது. கடையில் காட்டும்போது கேபினெட்டின் பின்பக்கம் அது செருகியிருந்திருக்கிறது, அதனால் ஓடியிருக்கிறது. வீட்டில் அது இல்லை. ஜிடிஏ மாதிரி பெரிய பெயர்கள் எல்லாம் வெறும் வெப் முகவரிகள். எங்கள் டிஸ்க் மொத்தமே 256 ஜிபி. ஜிடிஏ 5 ஒன்றுக்கே 70 ஜிபிக்கு மேல் இடம் வேண்டும். அந்த டிஸ்க்கில் நிரம்பியிருந்தது 20 ஜிபிகூட இல்லை.

நிஜமாக இருந்த ஒன்பதும் சூப்பர்டக்ஸ், சூப்பர்டக்ஸ்கார்ட், ஜிகாம்ப்ரிஸ், டக்ஸ் பெயின்ட் மாதிரியானவை. எல்லாமே உபுண்டுவின் சாப்ட்வேர் சென்டரில் யார் வேண்டுமானாலும் காசில்லாமல் இறக்கிக்கொள்ளக்கூடிய கட்டற்ற மென்பொருள்கள். அவற்றைப் போட்டுக் கொடுத்த உழைப்புக்குக் கூலி கேட்டால் தவறே இல்லை, உரிமமும் அதைத் தடுக்கவில்லை. முந்நூறு ரூபாய் கூலி என்று சொல்லியிருந்தால் சந்தோஷமாகக் கொடுத்திருப்பேன். 200 கேமுக்கு விலை என்று வாங்கியதுதான் மோசடி. பள்ளியில் ஓடும் அந்த லினக்ஸையே கைட் இலவசமாகப் பொதுமக்களுக்கும் தருகிறது, தேவையானவற்றில் பெரும்பாலானவை அதிலேயே வந்துவிடும்.

கடைக்குப் போன் போட்டேன். "தம்பி, மெனுவுல பேரு இருக்குது, கேம் இல்லையே" என்றேன். "ஏனுங்கக்கா, நெட் கனெக்‌ஷன் குடுத்தீங்களா, நெட் இருந்தாத்தான் வரும்" என்றார். எக்ஸெக் வரியைப் படித்துக் காட்டினேன். கொஞ்ச நேரம் பேச்சே இல்லை. அப்புறம், "நீங்க எங்கீங்கக்கா இருக்கறீங்க? கொழிஞ்சாம்பாறையா? அது கேரளாங்களே. பார்டர் தாண்டிப் போச்சுன்னா சர்வீஸ் கெடையாதுங்க, நம்ம பொறுப்பில்லீங்க" என்று வைத்துவிட்டார். அதற்கப்புறம் என் நம்பரை எடுப்பதே இல்லை. பில்லும் தரவில்லை, கேட்டபோது "பழைய சாமானுக்கு பில் இல்லீங்க" என்றார்.

இந்தப் பார்டர் பேச்சை நம்பி விட்டுவிடாதீர்கள். எங்கள் பக்கத்தில் நிறையப் பேர் இதைக் கேட்டதும், "அவிய தமிழ்நாடு, நாம கேரளா, எங்க போய்க் கேக்கறது" என்று ஓய்ந்துவிடுகிறார்கள். நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் 2019-இன்படி, வாங்கியவர் குடியிருக்கும் மாவட்டத்திலேயே புகார் கொடுக்கலாம். கடை கோயம்புத்தூரில் இருந்தாலும் நமக்கு பாலக்காடு மாவட்ட நுகர்வோர் ஆணையம் போதும். கொடுத்த தொகை 5 லட்சம் வரை இருந்தால் கட்டணமே இல்லை. வக்கீல் வைக்காமல் நாமே வாதாடலாம். இரண்டு வருடத்துக்குள் போக வேண்டும். பில் தராமல் இருப்பதும், குறையுள்ள பொருளைத் திரும்ப வாங்கி 30 நாளுக்குள் பணம் தர மறுப்பதும் அதே சட்டத்தில் முறையற்ற வணிகம் என்ற கணக்கில்தான் வருகிறது. முதலில் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-க்குப் போன் போட்டுப் புகாரைப் பதிவு செய்யலாம். ஆணையத்துக்கு இ-ஜாக்ரிதி தளத்தில் ஆன்லைனிலேயே அனுப்பலாம். நான் அக்‌ஷயா சென்டரில் (அரசின் இ-சேவை மையம்) எல்லாவற்றையும் ஸ்கேன் பண்ணி அனுப்பியிருக்கிறேன். அது நடந்துகொண்டிருப்பதால்தான் கடைப் பெயரை இங்கே எழுதவில்லை. யாராவது அந்த மாதிரிப் பக்கத்தில் ஓடிபி கொடுத்துப் பணம் போயிருந்தால் ஒரு நிமிடம்கூடத் தாமதிக்காமல் சைபர் குற்ற உதவி எண் 1930-க்குக் கூப்பிடுங்கள்.

கடையில் பார்க்க வேண்டியது இதுதான். கம்ப்யூட்டரின் பின்னாலும் முன்னாலும் செருகியிருக்கும் எல்லா பென் டிரைவையும் ஹார்ட் டிஸ்க்கையும் கழற்றச் சொல்லுங்கள், நெட்டையும் துண்டிக்கச் சொல்லுங்கள். அப்புறம் கடைக்காரர் காட்டுவதை விட்டுவிட்டு, நீங்களாக நடுவிலிருந்து ஏதாவது பத்தைத் தொட்டுப் பாருங்கள். விண்டோஸ் என்றால் ஸ்டார்ட் மெனுவில் கேமின் மேல் ரைட் கிளிக் செய்து ஓபன் பைல் லொகேஷன், அங்கே மறுபடி ரைட் கிளிக், ப்ராப்பர்டீஸ், டார்கெட் என்ற இடத்தைப் பாருங்கள். இ என்றோ எஃப் என்றோ வேறு டிரைவின் எழுத்து இருந்தால் அந்த டிரைவ் உங்களோடு வீட்டுக்கு வருகிறதா என்று கேளுங்கள். செட்டிங்ஸில் இன்ஸ்டால்ட் ஆப்ஸ் பட்டியலையும், டிஸ்க்கில் எவ்வளவு நிரம்பியிருக்கிறது என்பதையும் பார்த்தாலே பாதிப் பொய் அங்கேயே தெரிந்துவிடும். லினக்ஸ் என்றால், அதற்கு மட்டும் நெட்டைத் திரும்பக் கொடுக்கச் சொல்லி, மெனுலிப்ரே என்ற ஆப்பைப் போட்டுத் திறங்கள். ஒவ்வொரு பெயரையும் தொட்டால் எந்தக் கமாண்ட் ஓடுகிறது என்று அதிலேயே காட்டும். லினக்ஸில் கேடிஈ என்ற வகை டெஸ்க்டாப் என்றால், மெனு எடிட்டர் என்று பெரும்பாலும் ஏற்கெனவே இருக்கும்.

எக்ஸெக் வரியில் எந்தக் கமாண்டை வேண்டுமானாலும் எழுத முடியும் என்பதால், எதிலிருந்தோ எதையோ இறக்கி ஓட்டும் வரி இருந்தால் அதை அழுத்திப் பார்க்கவே வேண்டாம். எங்களுடையதில் அப்படி இரண்டு இருந்தன. நாங்கள் டிஸ்க்கை முழுதாக அழித்துவிட்டு கைட் லினக்ஸைப் புதிதாகப் போட்டுவிட்டோம். இப்போது மெனுவை அடுக்குவது என் மகள்தான். அக்காக்காரி சொல்லிக்கொடுத்திருக்கிறாள். தம்பிக்குப் பிடித்ததை ஒரு பக்கம், தனக்குப் பிடித்ததை ஒரு பக்கம் என்று மெனுலிப்ரேயில் பிரித்து வைத்திருக்கிறாள். கூலி இல்லை.

இதே மாதிரி 200 கேம் பேக்கேஜ் வாங்கியவர்கள் இந்தப் பக்கம் இன்னும் சிலர் இருப்பது எனக்குத் தெரியும். கோபத்தில் மெனுவை அழித்துவிடாதீர்கள். அந்த அப்ளிகேஷன்ஸ் போல்டரை அப்படியே ஒரு பென் டிரைவில் காப்பி எடுத்து வையுங்கள், நான் அழிப்பதற்கு முன் அதைத்தான் செய்தேன். மெனுவை போனில் படம் எடுங்கள். கடைக்காரரின் வாட்ஸ்அப் ஸ்டேட்டஸை ஸ்கிரீன்ஷாட் எடுத்திருந்தால் அதையும், ஜிபே ரசீதையும் சேர்த்து வையுங்கள். பில் இல்லாவிட்டாலும் பணம் கொடுத்ததற்கு அந்த ரசீதுதான் சாட்சி. எழுத உதவி வேண்டுமென்றால் கேளுங்கள், என் புகாரின் நகலைத் தருகிறேன்.