சமராங்கண சூத்ரதாரா மறுபதிப்பு: 31ஆவது அத்தியாயத்துக்காகவே வாங்கலாம்

மால்வாவ ஆண்ட போஜராஜா பேர்ல இருக்கற 11ஆம் நூற்றாண்டு சிற்ப சாஸ்திர நூல் இது. மொத்தம் 83 அத்தியாயம், ஊர் அமைக்கறது, வீடு, கோயில், சித்திரம், சிலைன்னு போகுது. முதல்லயே சொல்லிடறேன், முழுக்க தேவநாகரியில சமஸ்கிருத சுலோகம்தான், மொழிபெயர்ப்பு எதுவும் கிடையாது, அத பாத்து ஆர்டர் போடுங்க.

மூலத்த முதல்ல பதிப்பிச்சவர் நம்ம திருநெல்வேலி தருவைக்காரர் கணபதி சாஸ்திரி, 1924-25ல பரோடாவுல ரெண்டு பாகமா வந்துச்சு. சுவடியில சிதைஞ்சு போன இடத்துலல்லாம் அவர் எவ்ளோ பொறுமையா உக்காந்திருப்பாருன்னு படிக்கும்போதே தெரியுது.

யந்திர விதானம்னு 31ஆவது அத்தியாயம் இருக்கே, அதுதாங்க விஷயமே. விளக்குல எண்ணெய் தீர்ந்தா தானா ஊத்தற பொம்மை, தண்ணி குடிக்கற யானை, தாளத்துக்கு ஆடற கிளி, அரண்மனையில மழை மாதிரி தண்ணி கொட்டற தாராகிருகம்னு வரிசையா வருது. எல்லாரும் அந்த பறக்கற மரப்பறவையத்தான் பேசறாங்க, வயித்துக்குள்ள பாதரசம் வெச்சு கீழ நெருப்பு மூட்டறதுன்னு இருக்கறது, ஆனா அது பறந்துச்சுன்னு நான் நம்பல, அத வெச்சு அந்த காலத்துலயே விமானம் இருந்துச்சுன்னு சொல்றதும் சரியில்ல. எனக்கு அதவிட பெருசா பட்டது நல்ல யந்திரம் எப்படி இருக்கணும்னு சொல்ற இடம்: வழவழன்னு ஓடணும், சத்தம் வரக்கூடாது, சத்தம்தான் வேணும்னா நல்லா வரணும், லொடலொடக்கவும் கூடாது இறுகிப் போகவும் கூடாது, ரொம்ப நாள் உழைக்கணும். மெஷின் பக்கத்துல நின்னு பாத்தவங்க சொல்ற மாதிரியே இருக்கு! செய்முறைய முழுசா சொல்லாததுக்கு காரணமும் அங்கயே வருது, ரகசியம் காக்கத்தான், தெரியாம இல்லன்னு.

குறைன்னா அச்சுதான். எனக்கு வந்த காப்பி பழச ஸ்கேன் பண்ணி அடிச்சது, கூட்டெழுத்து பல இடத்துல மசியாயிருக்கு, ஓரத்துல சுலோக நம்பர் வெட்டுப்பட்டிருக்கு, பைண்டிங் இறுக்கமா இருக்கறதால நடுவுல விரிச்சு படிக்க முடியல. இந்த விலைக்கு இது ரொம்ப மோசம்.

சமஸ்கிருதம் தட்டுத்தடுமாறி படிக்கறவங்க, மெட்ராஸ் யுனிவர்சிட்டி வி. ராகவன் பழைய யந்திரங்கள பத்தி 1952ல இங்கிலீஷ்ல எழுதின சின்ன புஸ்தகத்த முதல்ல படிச்சுட்டு இதுக்கு வாங்க, பாதி சுலோகம் பிடிபடும். விக்கறவங்ககிட்ட 31ஆவது அத்தியாயத்து பக்கத்த போட்டோ எடுத்து அனுப்ப சொல்லுங்க, எழுத்து தெளிவா இருந்தா மட்டும் பணம் கட்டுங்க.