“வட்டில் எழுத இயலவில்லை”: ஒரு கேம் லாஞ்சருடன் ஐந்தாண்டுகள்

கடந்த ஞாயிற்றுக்கிழமை காலை, முன்பு என்னுடன் ஒரே அலுவலகத்தில் வேலை பார்த்த தம்பி ஒருவர் தொலைபேசியில் அழைத்தார். “அண்ணா, கேம் அப்டேட் ஆகும்போதெல்லாம் டிஸ்க்குல எழுத முடியலைன்னு வருது. கடையில காட்டினேன், டிஸ்க் போயிடுச்சு, மாத்திடுங்கன்னு சொல்றாங்க. மாத்திடட்டுமா?” என்று கேட்டார். கேம் திறக்கிறதா என்று கேட்டேன். நன்றாகத் திறக்கிறது, முந்தின நாள் இரவுகூட இரண்டு மணி நேரம் விளையாடியதாகவும், அப்டேட் மட்டும் பாதியில் நின்றுவிடுவதாகவும் சொன்னார். பணத்தைக் கையிலேயே வைத்திருங்கள், மாலையில் பேசுகிறேன் என்று சொல்லிவிட்டு இதை எழுத உட்கார்ந்தேன். மூன்று ஆண்டுகளுக்கு முன் இதே வரியை நம்பி நானும் புதிய எஸ்எஸ்டி ஒன்றை வாங்கினேன் என்பதும், அந்தப் புதிய வட்டிலும் அதே பிழை வந்தது என்பதும் அவருக்குத் தெரியாது.

கேம்களை வாங்கவும் திறக்கவும் நான் பயன்படுத்தும் லாஞ்சர் மென்பொருளைப் பற்றி அறிமுகம் தேவையில்லை. வாங்குவது, தரவிறக்குவது, விளையாட்டு முன்னேற்றச் சேமிப்புகளை மேகத்தில் (இணையத்தில்) வைத்துக்கொள்வது ஆகியவற்றை அது ஐந்தாண்டுகளாகக் குறையின்றிச் செய்துவருகிறது. என் மனக்குறை ஒரே ஒரு செய்தியைப் பற்றியது. ஒரு கோப்பைத் திறக்கவோ மாற்றவோ முடியாதபோதெல்லாம், காரணம் எதுவாக இருந்தாலும், “வட்டில் எழுத இயலவில்லை” என்ற ஒற்றை வரியை மட்டும் அது காட்டுகிறது. எந்தக் கோப்பு, யார் தடுக்கிறார்கள், ஏன் தடுக்கிறார்கள் என்ற மூன்றுக்கும் அதில் விடை இல்லை.

இதில் என்னைக் கோபப்படுத்துவது, அந்த விடை லாஞ்சரின் கைக்கு வந்து சேர்ந்த பிறகுதான் தொலைகிறது என்பதே. ஒரு நிரல் கோப்பைத் திறக்க முயன்று தோற்றால், விண்டோஸ் அதற்கு ஓர் எண்ணைத் திருப்பித் தருகிறது. அனுமதி இல்லை என்றால் 5. வேறொரு நிரல் அந்தக் கோப்பைப் பிடித்து வைத்திருந்தால் 32. வட்டில் இடம் இல்லை என்றால் 112. படித்த தரவே சிதைந்திருந்தால் 23. வட்டுச் சாதனமே பதில் சொல்லத் தவறினால் 1117. இவற்றில் கடைசி இரண்டுக்கு மட்டுமே வட்டையோ அதன் கேபிளையோ முதலில் சந்தேகிக்க வேண்டும். 5, 32 ஆகிய இரண்டையும் ஒரு ரூபாய்கூடச் செலவழிக்காமல் சரிசெய்துவிடலாம். இத்தனை வேறுபட்ட காரணங்களையும் ஒரே வாக்கியத்துக்குள் அடைத்து, அந்த வாக்கியத்தில் “வட்டு” என்ற சொல்லையும் வைத்துவிட்டால், படிப்பவர் வட்டைத்தானே சந்தேகிப்பார்? கடைக்காரர் மீதுகூட எனக்குப் பெரிய வருத்தம் இல்லை. திரையில் உள்ளதைத்தான் அவர் படித்துச் சொல்கிறார்.

என் கணினியில் நடந்தது இது. பழைய கணினியின் சி டிரைவாக இருந்த ஹார்ட் டிஸ்க்கைக் கழற்றி, புதிய கணினியில் இரண்டாவது வட்டாக, அதாவது டி டிரைவாக, பொருத்தினேன். அதில் புரோகிராம் ஃபைல்ஸ் கோப்புறைக்குள் 400 ஜிபிக்கு மேல் கேம்கள் இருந்தன. அவற்றை மீண்டும் தரவிறக்க மனமில்லாமல், லாஞ்சரிடம் அந்தக் கோப்புறையையே காட்டினேன். எல்லாக் கேம்களும் உடனே பட்டியலில் வந்தன, திறந்தன, ஓடின. முதல் அப்டேட் வந்த நாளில்தான் சிக்கல் தொடங்கியது.

விண்டோஸ் ஒரு பயனரை அவருடைய பெயரால் அடையாளம் காண்பதில்லை. எஸ்-1-5-21 என்று தொடங்கும் ஒரு நீண்ட அடையாள எண்ணால்தான் காண்கிறது. அந்த எண் ஒவ்வொரு நிறுவலிலும் புதிதாக உருவாகிறது. பழைய கணினியிலும் புதிய கணினியிலும் நான் ஒரே பெயரை வைத்திருந்தாலும், வட்டில் எழுதப்பட்டிருந்த அனுமதிப் பட்டியல் பழைய எண்ணுக்கே முழு உரிமை தந்திருந்தது. புதிய நான் அதற்கு அந்நியன். பொதுப் பயனர்களுக்குப் புரோகிராம் ஃபைல்ஸில் படிக்கவும் இயக்கவும் மட்டுமே உரிமை உண்டு. கேம் திறப்பதற்குப் படிக்கும் உரிமை போதும், அப்டேட்டுக்கோ எழுதும் உரிமை வேண்டும். திறக்கிறது ஆனால் அப்டேட் ஆகவில்லை என்று யாராவது சொன்னால் நான் முதலில் அனுமதியைச் சந்தேகிப்பது இதனால்தான்.

இது தெரியாமல் வட்டைக் குறைசொல்லி, எஸ்எஸ்டி வாங்கி, பழைய வட்டை அப்படியே குளோன் செய்தேன். குளோன் செய்யும்போது கோப்புகளோடு அனுமதிப் பட்டியலும் எழுத்துப் பிசகாமல் நகலாகிவிடும். புதிய வட்டில் பழைய பிழை வந்ததற்கு அதுவே காரணம்.

அதன்பின் பலர் சொன்ன வைத்தியங்களை வரிசையாகச் செய்து பார்த்தேன். கோப்புறையின் ப்ராப்பர்டீஸில் “ரீட் ஒன்லி” குறியை எடுத்துவிடச் சொல்வது மிகப் பரவலான அறிவுரை. எடுத்தால், மறுபடி திறக்கும்போது அந்தக் கட்டம் முன்போலவே நிரம்பியிருக்கும். ஒருநாள் முழுவதும் அதனோடு போராடினேன். உண்மையில் கோப்புறைக்கு அந்தக் குறி இருப்பதால் எழுதுவது தடைபடாது. கோப்புறையின் தோற்றம் தனியாக மாற்றப்பட்டிருக்கிறதா என்பதை அறியவே விண்டோஸ் எக்ஸ்ப்ளோரர் அதைப் பயன்படுத்துகிறது. ஒரு தனிக் கோப்பில் அந்தக் குறி இருந்தால் கதை வேறு, அதை நீக்கத்தான் வேண்டும். அடுத்து, லாஞ்சரில் உள்ள, கோப்புகளைச் சரிபார்க்கும் வசதி. அது ஒரு மணி நேரம் ஓடி, எல்லாம் சரியாக உள்ளது என்று அறிவித்தது. அது சொன்னதும் உண்மைதான், ஏனென்றால் சரிபார்ப்பது என்பது படிப்பது. படிக்கும் உரிமை எனக்கு இருந்தது.

“ரன் ஆஸ் அட்மினிஸ்ட்ரேட்டர்” என்று லாஞ்சரைத் திறந்தபோது அப்டேட் நடந்தது. பெரும்பாலோர் இந்த இடத்தில் நிம்மதியடைந்து நின்றுவிடுகிறார்கள். அதை நான் கடுமையாக எதிர்க்கிறேன். விண்டோஸ் விஸ்டா 2007இல் விற்பனைக்கு வந்த காலம் முதல், நிர்வாகிக் கணக்கில் நுழைந்திருந்தாலும் சாதாரணமாகத் திறக்கும் நிரல் சாதாரண உரிமையோடுதான் ஓடுகிறது. நல்ல காரணத்தோடு கட்டப்பட்ட வேலி அது. லாஞ்சருக்கு உயர்ந்த உரிமை தந்தால், அதிலிருந்து திறக்கப்படும் ஒவ்வொரு கேமும், அந்தக் கேமுக்குள் முன்பின் தெரியாத யாரோ எழுதிய மாட் நிரலும் (கேமை மாற்றியமைக்கும் நிரல்) அதே உரிமையைப் பெற்றுவிடும். ஒரு கோப்புறையின் அனுமதியைத் திருத்தச் சோம்பல்பட்டு, கணினி முழுவதையும் திறந்துவிடுவது நியாயமில்லை.

சரியான தீர்வு எளிது, ஆனால் அதிலும் ஒரு பொறி உண்டு. புரோகிராம் ஃபைல்ஸுக்கு வெளியே, டி டிரைவின் வேரிலேயே புதிய கோப்புறை ஒன்றை உருவாக்கி, கேம்களை அங்கே கட் செய்து ஒட்டினேன். பிழை மாறவில்லை. ஒரே வட்டுப் பகுதிக்குள் நகர்த்தும்போது கோப்பு பழைய அனுமதிப் பட்டியலைத் தன்னோடு சுமந்தே செல்கிறது. நகலெடுத்தால் மட்டுமே அது புதிய கோப்பாகப் பிறந்து, சேரும் இடத்தின் அனுமதியைப் பெறும். ஒவ்வொரு கேமாக நகலெடுத்து, புதிய கோப்புறையை லாஞ்சரில் சேர்த்து, அப்டேட் ஆவதைக் கண்ணால் பார்த்த பிறகு பழையதை அழித்தேன். அன்று மாலைக்குள் எல்லாம் சரியாகிவிட்டது. நகலெடுக்க இடம் போதாதவர்கள், கோப்புறையின் ப்ராப்பர்டீஸில் செக்யூரிட்டி, அட்வான்ஸ்டு என்று சென்று, உரிமையாளராகத் தம் கணக்கை வைத்து, உள்ளே இருக்கும் எல்லாவற்றுக்கும் அது பொருந்தும்படி குறியிட்டு, பிறகு உள் கோப்புகளின் அனுமதிகளை மேல் கோப்புறையின் அனுமதியால் மாற்றச் சொல்லலாம். இதைக் கேம் கோப்புறைக்கு மட்டுமே செய்ய வேண்டும். சி டிரைவ் முழுவதற்கும் செய்தால் விண்டோஸையே மீண்டும் நிறுவ நேரிடலாம்.

32ஆம் எண்ணின் கதை சிறியது. கேமை மூடிய பிறகும் அதன் நிரல் பின்னணியில் உயிரோடு இருக்கலாம். அல்லது வைரஸ் தடுப்பு மென்பொருள், அப்போதுதான் எழுதப்பட்ட பெரிய கோப்பைத் திறந்து பரிசோதித்துக்கொண்டிருக்கலாம். விண்டோஸின் ரிசோர்ஸ் மானிட்டரில் சிபியு பக்கத்துக்குப் போய், “அசோசியேட்டட் ஹேண்டில்ஸ்” பகுதியில் கோப்பின் பெயரைத் தேடினால், அதைப் பிடித்திருப்பது யார் என்று தெரிந்துவிடும். பவர்டாய்ஸ் தொகுப்பில் உள்ள ஃபைல் லாக்ஸ்மித் இதையே வலது சொடுக்கில் காட்டுகிறது; எனக்கு அது பெரிய உதவி. ஒன்றும் புரியவில்லை என்றால் கணினியை ரீஸ்டார்ட் செய்ய வேண்டும். கணினியை விரைவாகத் தொடங்க வைக்கும் ஃபாஸ்ட் ஸ்டார்ட்அப் வசதி இயக்கத்தில் இருக்கும்போது, ஷட் டவுன் செய்து மறுபடி போட்டாலும் விண்டோஸின் உட்கரு (கெர்னல்) உறங்கித்தான் எழுகிறது, புதிதாகத் தொடங்குவதில்லை.

இன்னொன்று, கேம் தொடங்கும்போதே சேமிப்புக் கோப்பை உருவாக்க முடியவில்லை என்று நின்றுவிடுவது. பல கேம்கள் சேமிப்புகளை டாக்குமெண்ட்ஸ் கோப்புறையில் வைக்கின்றன. விண்டோஸ் 10இல் 2017 அக்டோபரில் வந்த “கன்ட்ரோல்டு ஃபோல்டர் ஆக்சஸ்” என்ற பாதுகாப்பை யாராவது இயக்கி வைத்திருந்தால், அறிமுகமில்லாத நிரல் அங்கே எழுத முடியாது. விண்டோஸ் செக்யூரிட்டியின் பாதுகாப்பு வரலாற்றைப் பார்த்தால், எந்த நிரல் எங்கே தடுக்கப்பட்டது என்று பெயரோடு இருக்கும். அந்த ஒரு நிரலை மட்டும் அனுமதித்தால் போதும். பாதுகாப்பை முழுவதுமாக அணைக்க வேண்டாம்.

வட்டு உண்மையிலேயே பழுதாவதும் உண்டு, அதை மறைக்க மாட்டேன். அப்போது கேம் மட்டும் தடுமாறுவதில்லை. படங்கள் திறக்கத் தாமதமாகும், நகலெடுப்பது பாதியில் உறையும். விண்டோஸின் நிகழ்வுப் பதிவுகளைக் காட்டும் ஈவென்ட் வியூவரின் சிஸ்டம் பதிவில் “டிஸ்க்” என்ற மூலத்திலிருந்து 7ஆம் எண் நிகழ்வு இருந்தால், கெட்ட பகுதி இருக்கிறது என்று பொருள். என்டிஎஃப்எஸ் என்ற மூலத்திலிருந்து 55 இருந்தால் கோப்பு அமைப்பு சிதைந்திருக்கிறது. இந்த நிலையில் முதல் வேலை கேமைச் சரிசெய்வது அல்ல, குடும்பப் படங்களை வேறிடத்துக்கு நகலெடுப்பது.

தம்பியின் கணினியை அன்று மாலை தொலைவிலிருந்து பார்த்தேன். ஈவென்ட் வியூவரில் 7உம் இல்லை, 55உம் இல்லை. கேம் கோப்புறையின் உரிமையாளர் இடத்தில் எஸ்-1-5-21 என்று தொடங்கும், பெயரற்ற எண் நின்றது. ஆறு மாதம் முன்பு விண்டோஸைப் புதிதாக நிறுவியதை அப்போதுதான் நினைவுகூர்ந்தார்.

லாஞ்சருக்கு மதிப்பெண் கேட்டால், ஐந்தாண்டுக் கணக்கைப் பார்த்து ஐந்துக்கு நான்கு தரவேண்டும். தரவிறக்கம், மேகச் சேமிப்பு, பணத்தைத் திருப்பித் தருவது ஆகிய மூன்றிலும் அது என்னை ஒருமுறைகூடக் கைவிட்டதில்லை. நானும் அதை விட்டு விலகப்போவதில்லை. ஆனால் அடுத்த மாதம் என் அக்கா மகனுக்குப் புதிய கணினி வருகிறது, அதில் எதை நிறுவலாம் என்று அக்கா கேட்டிருக்கிறார். கைக்கு வந்த எண்ணைத் திரையில் காட்டும் வேறு எதையாவது நிறுவிக்கொடுக்கவே தேடிக்கொண்டிருக்கிறேன்.